தொழுவத்துக் கணக்கு: ஸ்டார்டியூ வேலியின் கால்நடைகள்

ஸ்டார்டியூ வேலி என்னும் வேளாண்மை விளையாட்டு 2016 பிப்ரவரி 26ஆம் நாள் கணினியில் வெளிவந்தது. எரிக் பேரோன் என்ற அமெரிக்கர் அதன் படங்களை வரைந்து, இசையமைத்து, உரையாடல்களை எழுதி, நிரலாக்கத்தையும் தாமே செய்து முடித்தார் என்பது இன்று பரவலாகத் தெரிந்த செய்தி. 2024ஆம் ஆண்டு முடிவதற்குள் நான்கு கோடிக்கும் அதிகமான படிகள் விற்றுவிட்ட இந்த விளையாட்டின் பயிர்கள், சுரங்கம், மீன்பிடிப்பு, ஊர்மக்களுடனான நட்பு, திருமணம் ஆகியவற்றைப் பற்றி எழுதப்பட்டவை ஏராளம். இந்த மதிப்புரை அவற்றை ஒதுக்கிவிட்டு, பண்ணையின் கோழிக்கூட்டையும் தொழுவத்தையும் மட்டும் எடுத்துக்கொள்கிறது. விளையாட்டின் மிகச் சிறந்த சிந்தனையும் மிகப் பெரிய மழுப்பலும் ஒருசேர அங்கேதான் இருக்கின்றன என்பது என் கருத்து.

சிங்கப்பூரில் வாழும் தமிழருக்கு இந்தப் பகுதி தனியாக மதிப்பிடத்தக்கது. நம்மில் பெரும்பாலோர் வீவக அடுக்குமாடி வீடுகளில் குடியிருக்கிறோம். அங்கே பூனை வளர்ப்பதற்கே 2024 செப்டம்பரில்தான் அனுமதி கிடைத்தது. கோழி வளர்க்கும் பேச்சே இல்லை. 2017இல் சின் மிங் வட்டாரத்தில் திரிந்த கோழிகளின் கூவல் தொல்லையாக இருக்கிறதென்று குடியிருப்பாளர்கள் சிலர் முறையிட, அதிகாரிகள் 24 கோழிகளைப் பிடித்துக் கொன்றதும், அதையொட்டி எழுந்த வாக்குவாதமும் பலருக்கு நினைவிருக்கலாம். மாட்டு வணிகத்தால் ஒருகாலத்தில் வளர்ந்த தேக்கா வட்டாரத்தில் இன்று பசுவைக் காண வேண்டுமானால் பொங்கல் வர வேண்டும்; லிட்டில் இந்தியாவில் அப்போது கொண்டுவந்து கட்டப்படும் பசுக்களைப் பார்ப்பதற்குப் பிள்ளைகள் பெற்றோரின் கையைப் பிடித்துக்கொண்டு கூட்டத்தில் காத்திருப்பார்கள். கால்நடையின் குணத்தை அன்றாடப் பழக்கத்தால் அறிந்த தலைமுறை இங்கே ஏறத்தாழ முடிந்துவிட்ட நிலையில், ஒரு விளையாட்டு அந்தப் பழக்கத்தை எவ்வாறு உருவாக்கிக் காட்டுகிறது என்பது ஆராயத் தகுந்தது.

கால்நடைகள் இங்கே எளிதில் கைக்கு வருவதில்லை. விளையாட்டைத் தொடங்கும்போது நம்மிடம் இருப்பது 500 பொற்காசு. ஊரின் தச்சரான ராபினிடம் 4,000 காசும் 300 மரத்துண்டும் 100 கல்லும் கொடுத்தால்தான் நான்கு கோழிகள் தங்கும் கூடு எழும்பும். நான்கு பசுக்களுக்கான தொழுவத்துக்கு 6,000 காசும் 350 மரமும் 150 கல்லும் வேண்டும். அதன்பின் பண்ணைக்குத் தெற்கே கால்நடை விற்கும் மார்னியிடம் சென்று 800 காசுக்குக் கோழிக்குஞ்சோ 1,500 காசுக்குக் கன்றோ வாங்கலாம். வாங்கியவுடன் பயன் கிடைத்துவிடாது. கோழிக்குஞ்சு வளர மூன்று நாளும் கன்று வளர ஐந்து நாளும் ஆகும். அவசரப்படுபவருக்கு இந்தத் தொடக்கம் சலிப்பூட்டும். ஆனால் உழைத்துச் சேர்த்த காசில் வாங்கிய முதல் கன்று தொழுவத்தின் மூலையில் நிற்பதைப் பார்க்கும்போது, இலவசமாகக் கிடைத்திருந்தால் அதன்மீது இவ்வளவு அக்கறை பிறந்திருக்காது என்பது புரிகிறது.

ஒவ்வொரு கால்நடைக்கும் வாங்கும்போதே நாம் பெயர் சூட்ட வேண்டும். என் பழுப்புப் பசு செவலை. வெள்ளைப் பசு வெள்ளச்சி. ஆங்கில எழுத்தில்தான் அவற்றை எழுதினேன். பன்னிரண்டு மொழிகளில் வெளிவந்திருக்கும் இந்த விளையாட்டில் தமிழுக்கு இடமில்லை. உரையாடல்கள் எளிய ஆங்கிலத்தில் இருப்பதால் உயர் தொடக்கநிலை மாணவர்களுக்குச் சிரமம் இராது. ஊரில் மாடு வளர்த்த தாத்தாவோ பாட்டியோ பேரப்பிள்ளையுடன் அமர்ந்து விளையாட விரும்பினால், பக்கத்தில் ஒருவர் சொல்லிக்கொண்டே வர வேண்டியிருக்கும்.

இனி மகிழ்ச்சிக்கு வருவோம். ஒவ்வொரு கால்நடைக்கும் இரண்டு அளவுகள் உள்ளன. ஒன்று நம்மீது அது கொண்டிருக்கும் நட்பு; அது 1,000 புள்ளிகள் வரை ஏறும், திரையில் ஐந்து இதயங்களாகத் தெரியும். மற்றொன்று அன்றன்றைய மனநிலை. நாளுக்கு ஒருமுறை தடவிக்கொடுத்தால் நட்பில் 15 புள்ளி கூடுகிறது. வெளியே சென்று பசும்புல் மேய்ந்தால் மேலும் 8. பால் கறந்தால் 5. ஒருநாள் தடவாமல் விட்டால் புள்ளி குறையும்; பட்டினி போட்டால் ஒரே நாளில் 20 புள்ளி போய்விடும். தடவிக்கொடுத்தலை மட்டும் நம்பினால் ஐந்து இதயங்களும் நிறைய 67 நாள் பிடிக்கும். அதாவது 28 நாள் கொண்ட பருவங்களில் இரண்டு முழுதாகக் கழிந்து மூன்றாவதும் தொடங்கிவிடும். புல்லையும் சேர்த்துக்கொண்டால் ஒன்றரைப் பருவம் போதும். இந்த எண்கள் எவையும் விளையாட்டில் அப்பட்டமாகச் சொல்லப்படுவதில்லை. விளையாடியவர்கள் நிரலைத் துருவிக் கண்டறிந்து பகிர்ந்தவை இவை. ஆயினும் எண் தெரியாமல் விளையாடுகிறவரும் சில வாரங்களில் அதன் சாரத்தை உணர்ந்துவிடுகிறார்.

இந்தக் கணக்கில் எனக்கு மிகவும் பிடித்த நுட்பம் ஒன்று உண்டு. தடவாமல் விட்ட நாளில் குறையும் புள்ளி எல்லாக் கால்நடைக்கும் ஒன்றாக இருப்பதில்லை. புதிதாக வந்த கன்றாக இருந்தால் 10 புள்ளி குறையும். ஐந்து இதயங்கள் நிறைந்த பசுவாக இருந்தால் 5 மட்டுமே. நெடுநாள் பழகியது சற்றுப் பொறுத்துக்கொள்கிறது. புதிதாக வந்தது உடனே விலகிப்போகிறது. ஆடு மாடு வளர்த்த எவரும் இதை மறுக்கமாட்டார்கள். ஒருவர் தம் அறையில் தனியாக அமர்ந்து எழுதிய நிரலில் இந்த நுண்ணறிவு எப்படிப் புகுந்தது என்று வியக்கத் தோன்றுகிறது.

ஆனால் தடவிக்கொடுப்பது இந்த வளர்ப்பின் எளிய பாதி. கடினமான பாதி புல்லில் இருக்கிறது. ஒரு கால்நடை நாளுக்கு ஒரு பங்கு தீவனம் உண்ணும். வெயில் நாளில் கதவு திறந்திருந்தால் வெளியே போய் மேய்ந்து வயிற்றை நிரப்பிக்கொள்ளும். மழை பெய்தால் உள்ளேயே இருந்து, நாம் தொட்டியில் வைக்கும் உலர்புல்லை உண்ணும். குளிர்காலத்தில் புல் தழைப்பதில்லை, கால்நடைகளும் வெளியே வருவதில்லை. ஆகவே 28 நாளுக்கும் வேண்டிய உலர்புல்லை முன்னதாகவே சேமித்தாக வேண்டும். சைலோ எனப்படும் தீவனக் கோபுரம் ஒன்றில் 240 பங்கு கொள்ளும். எட்டுக் கால்நடைகள் இருந்தால் குளிர்காலத் தேவை 224 பங்கு. ஒரு கோபுரம் போதும். தொழுவத்தையும் கோழிக்கூட்டையும் முழுமையாக விரிவாக்கி, இரண்டிலும் பன்னிரண்டு பன்னிரண்டாக வளர்க்கத் தொடங்கினால் தேவை 672 பங்காகிவிடும். மூன்று கோபுரங்கள் கட்டாயம். கோபுரத்தைக் கட்டுவதற்கு முன் அரிவாளால் அறுக்கப்படும் புல் உலர்புல்லாகச் சேராமல் வீணாகிறது என்பதால், கோழிக்கூட்டுக்கு முன்பே சைலோவைக் கட்டிவிட வேண்டும். அதன் விலையும் 100 காசு, 100 கல், கொஞ்சம் களிமண், ஐந்து செப்புக் கட்டி என்ற அளவில்தான் இருக்கிறது.

புல்லைக் காப்பதும் தனிக் கலையாக இருக்கிறது. புல் நாள்தோறும் பக்கத்து நிலத்துக்குப் பரவும்; பசுக்கள் அதைவிட வேகமாக மேய்ந்தால் அடியோடு அற்றுப்போகும். அற்றுப்போனால் பியரின் கடையில் ஒரு கட்டு 100 காசு கொடுத்துப் புல்விதை வாங்கி மறுபடி தொடங்க வேண்டும். அனுபவசாலிகள் சிறிது புல்லின்மேல் வேலித்துண்டை நட்டுவைக்கிறார்கள். மாடு அதை எட்ட முடியாது, அது மட்டும் தாய்ப்புல்லாக நின்று சுற்றிலும் பரவிக்கொண்டிருக்கும். வேறு சிலர் மேய்ச்சல் நிலத்தை இரண்டாக வகுத்து மாறி மாறித் திறந்துவிடுகிறார்கள். இளவேனிலிலிருந்தே குளிர்காலத்தை நினைத்துக்கொண்டு புல் அறுக்கும் இந்த மனநிலை, ஆண்டு முழுதும் ஒரே வெப்பத்தில் வாழும் நமக்குப் புதிது. விலங்கைக் கொஞ்சுவதற்கும் அதைக் காப்பாற்றுவதற்கும் உள்ள தொலைவை இந்தப் புல் காட்டிவிடுகிறது. எட்டு மாதக் கன்றைக் கட்டிப்பிடித்துப் படம் எடுத்துக்கொள்பவர் எல்லாரும் அதற்கு அடுத்த மாதத் தீவனம் எங்கிருந்து வரும் என்று யோசித்தவர் அல்லரே.

சேமிக்கத் தவறியவர்களுக்கு மார்னி ஒரு பங்கு உலர்புல்லை 50 காசுக்கு விற்கிறார். இந்த விலை சும்மா வைக்கப்பட்டதன்று. சாதாரணக் கோழிமுட்டையின் விற்பனை விலையும் 50 காசுதான். ஆக, விலைக்கு வாங்கிய தீவனத்தில் கோழி வளர்ப்பவர் முட்டையை அப்படியே விற்றால் அவருக்கு ஒரு காசும் மிஞ்சாது. புல் வளர்த்தவருக்கு முழு முட்டையும் ஆதாயம். முட்டையை இயந்திரத்தில் இட்டு மயோனைஸ் ஆக்கினால் 190 காசு கிடைக்கும். 125 காசுப் பால் சீஸாக மாறினால் 230 காசு. நட்பும் மனநிலையும் உயர்ந்திருக்கும்போது பெரிய முட்டை, பெரிய பால், தரம் உயர்ந்த பொருள் ஆகியவை கிடைக்கும் வாய்ப்பு பெருகுகிறது. கால்நடை மகிழ்ச்சியாக இருந்தால் வளர்ப்பவரும் செழிப்பார் என்ற பழைய நம்பிக்கையை இப்படி எண்ணாக்கி வைத்திருக்கிறார்கள்.

கதவைப் பற்றியும் சொல்ல வேண்டும். காலையில் நாமே தொழுவக் கதவைத் திறக்க வேண்டும். மாலையில் விலங்குகள் தாமாகவே திரும்பிவிடும். அவை திரும்புவதற்கு முன் கதவை மூடிவிட்டால் வெளியே அகப்பட்டது அங்கேயே இரவைக் கழிக்கும். காட்டு விலங்கு தாக்கி அதை இழந்துவிடும் வாய்ப்பு அந்த இரவில் உண்டு. இந்த விளையாட்டில் கால்நடை ஒன்றை இழப்பதற்கு இருக்கும் ஒரே வழி இதுதான். நோயில்லை, முதுமையில்லை, நம் கவனக்குறைவு மட்டுமே ஆபத்து. கடுமையான விதி என்றாலும் நியாயமான விதி.

மார்னியின் கடை மட்டும் யாருக்கும் நியாயமாகத் தோன்றுவதில்லை. காலை ஒன்பதிலிருந்து மாலை நான்கு வரைதான் அவர் வியாபாரம் பார்ப்பார். திங்கள், செவ்வாய்க் கிழமைகளில் கடையே இல்லை. குளிர்காலத்தின் நடுவில் உலர்புல் தீர்ந்து நிற்கும் ஒரு திங்கட்கிழமையில், அவர் தம் வீட்டுச் சமையலறையிலேயே நின்றுகொண்டிருப்பதைப் பார்த்தும் எதுவும் வாங்க முடியாமல் திரும்புவது, இருபத்து நான்கு மணிநேரமும் கடைகள் திறந்திருக்கும் ஊரைச் சேர்ந்தவருக்கு ஒரு பாடம்தான். 2024இல் வந்த 1.6 பதிப்பில் கால்நடைப் பட்டியல் என்ற புத்தகத்தைச் சேர்த்திருக்கிறார்கள். இரண்டாம் ஆண்டு முதல் 5,000 காசுக்குக் கிடைக்கும் அது கையில் இருந்தால் அவர் இல்லாதபோதும் வாங்கலாம்.

கூட்டையும் தொழுவத்தையும் இரண்டு படிகளாக விரிவாக்கலாம். கோழிக்குப் பின் வாத்தும் முயலும், பசுவுக்குப் பின் வெள்ளாடும் செம்மறியும் பன்றியும் சேர்ந்துகொள்கின்றன. ஆடு இரண்டு நாளுக்கு ஒருமுறை பால் தருகிறது. செம்மறியிடம் மூன்று நாளுக்கு ஒருமுறை கம்பளி கத்தரிக்கலாம். இவை பெரும்பாலும் பசுவின் வேலையையே வேறு உருவில் செய்பவை; நெடிய விளக்கம் தேவையில்லை. பன்றி மட்டும் வேறுபட்டது. 16,000 காசு கொடுத்து வாங்கும் அதற்குப் பாலும் இல்லை, கம்பளியும் இல்லை. திறந்த வெளியில் திரிந்து மண்ணைக் கிளறி டிரஃபிள் என்னும் நிலத்தடிக் காளானைத் தேடியெடுப்பது அதன் தொழில். ஒன்றின் அடிப்படை விலை 625 காசு. மழையிலும் குளிர்காலத்திலும் அது எதையும் தராது. தன் இயல்புப்படி மண்ணைக் கிளற விட்டால்தான் அதனால் பயன் கிடைக்கும் என்று வைத்தது அழகான சிந்தனை. பன்றியைப் பன்றியாக வாழவிடும் விளையாட்டுகள் அதிகம் இல்லை.

பாராட்டு இத்துடன் நிற்கட்டும். ஒரு கால்நடையைத் தடவிக்கொடுத்துவிட்டு மறுபடி தொட்டால் ஒரு சட்டகம் திறக்கிறது. அதன் பெயர், வயது, இதயங்கள், இன்றைய மனநிலை பற்றிய ஒரு வரி ஆகியவை அதில் இருக்கும். அதே சட்டகத்தில், இதயங்களுக்கு ஒரு விரல்கடை தூரத்தில், விற்பதற்கான பொத்தானும் இருக்கிறது. விலையோ நட்பைப் பொறுத்தது. நட்பே இல்லாத பசுவை விற்றால் வாங்கிய விலையில் மூன்றில் ஒரு பங்குகூடத் தேறாது. ஐந்து இதயமும் நிறைந்த பசுவுக்கு வாங்கிய விலைக்கு மேல் முப்பது விழுக்காடு கூடுதலாகக் கிடைக்கும். 1,500 காசுக்கு வாங்கிய செவலை என்மீது வைத்த பாசத்தின் உச்சத்தில் 1,950 காசு பெறும். இதைக் கண்டபோது எனக்கு ஏற்பட்ட நெருடல் இன்றும் போகவில்லை. சந்தையில் பழகிய மாட்டுக்கு விலை கூடும் என்பது உண்மைதான். ஆனால் அன்பின் அளவுகோலையும் விலைச்சீட்டையும் ஒரே சட்டகத்தில் வைத்தவர், அது விளையாடுபவர் மனத்தில் என்ன செய்யும் என்று எண்ணிப் பார்த்தாரா என்பது ஐயம். விற்ற விலங்கு எங்கே போகிறது என்பதைப் பற்றி விளையாட்டு வாயைத் திறப்பதே இல்லை.

தானியங்கித் தடவிக் கருவி இதே நெருடலின் மறுபக்கம். 2020இல் வந்த 1.5 பதிப்பு அறிமுகப்படுத்திய இந்த இயந்திரத்தைத் தொழுவத்தில் வைத்துவிட்டால் நாள்தோறும் எல்லா விலங்குகளையும் அதுவே தடவிவிடும். மனிதக் கை தரும் 15 புள்ளிக்குப் பதிலாக 7 புள்ளி மட்டுமே தருகிறது என்பதில் ஆக்கியவரின் மனச்சான்று தெரிகிறது. அதைப் பாலைவனக் குகையின் புதையல் பெட்டிகளில் கண்டெடுக்கலாம். அல்லது ஊரின் சிறுகடைகளை விழுங்க வந்த ஜோஜா நிறுவனத்தின் பக்கம் சாய்ந்தவர்கள் அதனிடம் 50,000 காசுக்கு வாங்கலாம். அன்பை இயந்திரத்திடம் ஒப்படைக்கும் கருவியைக் கதையின் வில்லனின் கடையில் வைத்திருப்பது குறும்பான விமரிசனம். ஆனால் இருபத்து நான்கு விலங்குகளும் பெருந்தோட்டமும் வைத்திருக்கும் ஒருவரை அந்த இயந்திரம் இல்லாமல் ஆட்டநாளை முடிக்கச் சொல்வதும் கொடுமைதான். பண்ணையைச் சிறிதாக வைத்துக்கொள்பவருக்கே இந்த விளையாட்டு முழு இனிமையையும் தருகிறது. எட்டுப் பத்து விலங்குகளைத் தாண்டினால் வளர்ப்பவர் மெல்ல மேற்பார்வையாளர் ஆகிவிடுகிறார்.

இப்போது பெரிய மழுப்பலுக்கு வருகிறேன். ஸ்டார்டியூ வேலியின் தொழுவத்தில் சாணம் இல்லை. எத்தனை பசு, எத்தனை பன்றி வளர்த்தாலும் தரை துடைத்துவைத்ததுபோல் இருக்கும். மாடு வளர்த்த குடும்பத்தில் விடியற்காலையின் முதல் வேலை சாணம் அள்ளுவது. அதுவே எருவாகி வயலுக்குப் போகும், வறட்டியாகி அடுப்புக்குப் போகும், கரைத்து வாசலுக்குத் தெளிக்கப்படும். இங்கோ உரத்தை மரப்பிசினிலிருந்து தயாரிக்கிறோம். பக்கத்துத் தொழுவத்துக்கும் பயிருக்கும் எந்த உறவும் இல்லை. பயிரும் கால்நடையும் ஒன்றையொன்று தாங்கி நிற்பதுதான் கலப்புப் பண்ணையின் உயிர்நாடி. அதை அறுத்துவிட்டுப் பண்ணை என்று பெயர் வைத்திருக்கிறார்கள். அசுத்தத்தைக் காட்டக் கூச்சம் என்றே தோன்றுகிறது.

சிங்கப்பூருக்கு இது வெறும் வாதம் அன்று. பொங்கோலில் ஆயிரக்கணக்கில் பன்றிகள் வளர்க்கப்பட்ட காலம் இருந்தது. அவற்றின் கழிவு நீர்நிலைகளை மாசுபடுத்தும் என்ற கவலை, நிலப் பற்றாக்குறை, சுத்திகரிப்புச் செலவு ஆகியவற்றை எடைபோட்டு, பன்றிப் பண்ணைகளைப் படிப்படியாக நிறுத்துவதென்று அரசு 1984இல் முடிவெடுத்தது. அடுத்த சில ஆண்டுகளில் அவை மறைந்தன. இன்று அதே பொங்கோலில் உயர்ந்த வீவக கட்டடங்களில் ஒரு தலைமுறை வளர்ந்துவிட்டது. ஒரு தீவு தன் பண்ணைகளைக் கைவிடக் காரணமாக இருந்த பொருளே விளையாட்டில் இல்லாதபோது, அதை விளையாடும் பிள்ளைக்குக் கால்நடை வளர்ப்பின் உண்மையான சுமை பாதிதான் தெரியவரும்.

இன்னொரு மழுப்பலும் உண்டு. இங்கே பசுக்கள் கன்று போடாமலேயே பால் தருகின்றன. வளர்ந்த மறுநாளிலிருந்து ஆண்டு முழுதும், நாள் தவறாமல். பெரிய தொழுவத்தில் சில இரவுகளில் கன்று பிறக்கும், அதுவும் காளையே இல்லாமல். காளை இல்லையென்றால் ஏர் மாடும் இல்லை. பண்ணை முழுவதையும் நாம் ஒருவரே மண்வெட்டியால் கொத்துகிறோம். மாட்டுப் பொங்கலன்று கொம்புக்கு வண்ணம் பூசி வணங்கும் மரபில் வந்தவருக்கு, உழவில் பங்கில்லாத மாடு சற்று அந்நியமாகவே படும். இறைச்சிக்காக எந்த விலங்கையும் கொல்ல முடியாது என்பதை ஒரு குறையாக நான் எண்ணவில்லை. சைவ உணவு உண்ணும் குடும்பங்கள் அதை வரவேற்கக்கூடும். ஆனால் எந்த விலங்கும் முதுமையடைந்து சாவதில்லை என்பது வேறு. பத்து ஆண்டு கழித்தும் அதே பசு அதே அளவு பால் தருகிறது. கறவை வற்றிய பசுவை என்ன செய்வது என்ற கேள்விதான் பால்பண்ணையின் மிகக் கடினமான கேள்வி. அது இங்கே எழுவதே இல்லை.

இந்த வகை விளையாட்டுகளுக்கு வழிகாட்டியான ஹார்வெஸ்ட் மூன் 1996இல் சூப்பர் நின்டெண்டோ கருவிக்கு வந்தபோதே கவனிக்காத பசு நோயுற்றுச் சாகும் என்று வைத்திருந்தது. பேரோன் அந்த மரபில் ஊறியவர். அறிந்தே மரணத்தை நீக்கியிருக்கிறார். மறுகோடியில் நிற்பது 2024 நவம்பரில் வெளிவந்த ஃபார்மிங் சிமுலேட்டர் 25. எருமையும் ஆடும் நெல்வயலும் அதில் புதிதாகச் சேர்ந்திருப்பதால் நம்மவர் ஆவலோடு எடுத்துப் பார்ப்பார்கள். தீவனக் கலவை, படுக்கை வைக்கோல், சாணம் எல்லாம் அங்கே ஒழுங்காகக் கணக்கிடப்படுகின்றன. ஆனால் மாட்டைவிட டிராக்டர்மீதே அந்த விளையாட்டுக்குக் காதல் என்பது சிறிது நேரத்தில் விளங்கிவிடும். சாணமும் வேண்டும், செவலையின் முகமும் நினைவில் நிற்க வேண்டும் என்று கேட்பவருக்கு இரண்டுமே முழுநிறைவு தருவதில்லை. ஒன்றைத்தான் தேர்ந்தாக வேண்டுமென்றால் நான் ஸ்டார்டியூ வேலியையே தேர்வேன்.

வரைகலை சிறு சதுரங்களால் ஆன பழைய பாணி; பசுவின் உருவம் விரல்நுனி அளவே இருந்தும் அது தூங்குவதும் மெல்ல நகர்வதும் தெளிவாகத் தெரிகின்றன. ஒலி எளிமையாக இருக்கிறது. தடவும்போது தலைக்குமேல் தோன்றும் இதயக்குறியும் அப்போது எழும் குரலும் சிறுபிள்ளைகளை உடனே கவர்ந்துவிடும்.

ஓர் ஆட்டநாள் காலை ஆறு மணிக்குத் தொடங்கி நள்ளிரவு தாண்டி இரண்டு மணிக்கு முடிகிறது. நம் கடிகாரத்தில் ஏறத்தாழ 14 நிமிடம். ஈசூனிலிருந்து டோபி காட் வரும் எம்ஆர்டி பயணத்துக்குள் இரண்டு நாளை முடித்துவிடலாம். கணினியிலும் நின்டெண்டோ ஸ்விட்சிலும் உறங்கப் போனால்தான் ஆட்டம் சேமிக்கப்படும் என்பதால், இறங்க வேண்டிய நிலையம் நெருங்கும்போது பசுக்களை அரைகுறையாகக் கறந்துவிட்டுக் கருவியை உறக்கநிலையில் வைக்க வேண்டியதுதான். இளையர்களிடம் கொடுக்கும் பெற்றோர் இதைக் கவனத்தில் கொள்வது நல்லது. “இந்த நாள் முடியட்டும்” என்று பிள்ளை கேட்கும் அவகாசம் வெறும் சாக்கு அன்று, விளையாட்டின் அமைப்பே அப்படி.

கணினிப் பதிப்பின் அமெரிக்க விலை 14.99 டாலர், நம் பணத்தில் ஏறத்தாழ இருபது வெள்ளி. கைப்பேசிப் பதிப்பு அதில் மூன்றில் ஒரு பங்கு விலைக்கே கிடைக்கிறது. விளம்பரம் கிடையாது, உள்ளே காசு கேட்கும் கடையும் கிடையாது. ஒருமுறை வாங்கியவருக்கு இதுவரை வந்த புதுப்பிப்புகள் எல்லாம் இலவசமாகவே வழங்கப்பட்டிருக்கின்றன. கைப்பேசியின் சிறு திரையில், நெருக்கமாக நிற்கும் பன்னிரண்டு கோழிகளில் எதைத் தடவினோம் எதை விட்டோம் என்று கண்டுபிடிப்பது கண்ணுக்குச் சோதனை. கால்நடை வளர்ப்புக்காகவே வாங்குகிறவர் ஸ்விட்ச் அல்லது கணினிப் பதிப்பை எடுத்துக்கொள்ளட்டும். பத்து வயதுக்கு மேற்பட்ட பிள்ளைகளுக்கு வாங்கித் தரலாம். முதல் குளிர்காலம் வரையிலாவது பெரியவர் ஒருவர் உடன் அமர்ந்து உலர்புல் கணக்கைப் பார்த்துக்கொண்டால், அந்தச் செலவில் வேறெந்த விளையாட்டும் இவ்வளவு பொறுப்பைக் கற்றுத்தராது என்பேன்.